டோஜின்ஷி இல்லாமல் இன்றைய மங்கா உண்டா?

ஏடகம் எழுதியது:

பக்கத்து இழையில் ஒரு நண்பர் கேட்டிருந்தார்: "டோஜின்ஷி என்றால் அடுத்தவருடைய கதாபாத்திரத்தை எடுத்து ஆபாசமாக வரைந்து விற்பதுதானே? அதற்கு எதற்கு இவ்வளவு மரியாதை?" அங்கேயே பதில் எழுதினால் பேச்சு திசைமாறிவிடும், அதனால் தனி இழை.

என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். டோஜின்ஷி என்பது சொந்தச் செலவில் அச்சிட்டு விற்கும் புத்தகம். அது மங்கா எனப்படும் ஜப்பானியப் படக்கதைத் தொழிலின் ஓரத்தில் ஒட்டிக்கொண்டு பிழைக்கும் சமாச்சாரம் அல்ல. கடந்த ஐம்பது வருடங்களாக மங்காவுக்கும் அனிமேவுக்கும் வீடியோ கேமுக்கும் அதுதான் நாற்றங்கால். அது இத்தனை காலம் தழைத்திருப்பதற்கு இரண்டு காரணங்கள். வழக்குப் போடக்கூடியவர்கள் பெரும்பாலும் போடாமல் விட்டார்கள். அவர்கள் போட வேண்டிய நிலை வராதபடி ரசிகர்களும் தங்களுக்குத் தாங்களே கட்டுப்பாடு வைத்துக்கொண்டார்கள்.

ஒத்த ரசனை உள்ளவர்கள் கூடி, சொந்தக் காசில் இதழ் போடும் வழக்கம் ஜப்பானில் மங்காவை விடப் பழையது. 1885-இல் ஓஸாகி கோயோவும் நண்பர்களும் தொடங்கிய 'கராகுதா புன்கோ' முதலில் கையால் எழுதிக் கைமாற்றிப் படித்த இலக்கிய இதழ். மங்காவில் இந்த வழக்கத்தைத் தொடர்ந்தவர்களில் ஒருவர் ஷோதாரோ இஷினோமோரி. 1950களில், பள்ளி மாணவராக இருந்தபோதே, ஊர் ஊராக இருந்த இளம் ஓவியர்களைச் சேர்த்து 'போகுஜூ இத்தேகி' என்ற இதழை நடத்தினார். அச்சு கிடையாது. மூலப் படங்களையே தைத்து, தபாலில் ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குச் சுற்றவிட்டார்கள். பிறகு 1967-இல் மங்கா ஓவியர் ஒஸாமு தெஸுகா பின்னால் நின்று தொடங்கிய 'காம்' பத்திரிகை வாசகர்களின் படைப்புகளுக்கென்றே ஒரு பகுதி ஒதுக்கியது. ஊர்தோறும் மங்காக் குழுக்கள் உருவாக அது காரணமாக இருந்தது. எழுபதுகளின் தொடக்கத்தில் பத்திரிகை நின்றுபோனதும் அந்தக் குழுக்களுக்குக் கூடிப் பேச இடமில்லை.

இங்கேதான் காமிகெட் வருகிறது, முழுப்பெயர் காமிக் மார்க்கெட். அன்றைக்கு ரசிகர்களுக்கு என்று ஒரு மங்கா மாநாடு நடந்துகொண்டிருந்தது. அதை விமர்சித்த ஒரு ரசிகையை மாநாட்டுக்குள் விட மறுத்தார்கள். கொதித்தெழுந்த விமர்சகர் குழு ஒன்று, அதன் பெயர் 'மெய்க்யூ', யாரையும் விலக்காத சந்தையை நாமே நடத்துவோம் என்று இறங்கியது. யோஷிஹிரோ யோனெஸாவா அந்தக் குழுவில் ஒருவர். 1975 டிசம்பர் 21, தோக்கியோவின் தோரானோமோன் பகுதியில் ஒரு சிறிய அரங்கு. மேசை போட்டவை 32 சர்க்கிள்கள் (டோஜின்ஷி போடும் சிறு குழுக்களுக்கு அப்படித்தான் பெயர்), வந்தவர்கள் சுமார் 700 பேர்.

2019 டிசம்பரில் அதே சந்தை நான்கு நாள் நடந்தது. நாள்தோறும் வந்தவர்களைக் கூட்டினால் சுமார் 7,50,000 பேர். இன்றைக்கும் நடத்துபவர்கள் தன்னார்வலர்கள்தான்.

விவாதிக்கலாம், வாருங்கள்.


யாழிசை எழுதியது:

ஏடகம் அண்ணா, ஒரு அடிப்படைக் கேள்வி. ஏற்கெனவே இருக்கும் கதையை வைத்து வரைவது மட்டும்தான் டோஜின்ஷியா? சொந்தக் கதை வரைந்து தானே அச்சிட்டு விற்றால் அதுவும் சேர்த்தியா?


வண்டல் எழுதியது:

அதுவும் சேர்த்திதான் யாழிசை. சொந்தச் செலவில் போட்ட எதுவும் டோஜின்ஷி. ரயில் கால அட்டவணைகளை ஆராய்ந்து எழுதியவர், பழைய கணினி ஒன்றைப் பிரித்துப் பார்த்துக் குறிப்பு எழுதியவர், ஊர் ஊராகப் போய்ச் சாப்பிட்ட நூடுல்ஸ் பற்றி எழுதியவர், எல்லோருக்கும் காமிகெட்டில் மேசை உண்டு. அசல் படைப்புகளுக்கு மட்டும் என்றே 1984-இல் 'காமிடியா' என்ற சந்தை தொடங்கியது. அங்கே பதிப்பகங்களின் ஆசிரியர்கள் மேசை போட்டு உட்கார்ந்திருப்பார்கள். வரைந்ததைக் கையோடு கொண்டுபோய்க் காட்டிக் கருத்துக் கேட்கலாம். அப்படியே தொழிலுக்குள் நுழைந்தவர்கள் உண்டு.

2020-இல் கொரோனாவால் காமிடியா தொடர்ந்து ரத்தாகி, மூடும் நிலைக்கு வந்தது. நடத்துபவர்கள் மக்களிடம் நிதி கேட்டார்கள். கேட்டது 3 கோடி யென், வந்தது 10 கோடியைத் தாண்டியது. இந்த இடம் அவர்களுக்கு எவ்வளவு முக்கியம் என்பதற்கு இதைவிட வேறு சாட்சி எனக்குத் தேவையில்லை.


நடுப்பக்கம் எழுதியது:

நான் பதிப்புத் தொழிலில் இருப்பவன். அதனால் மறுபக்கத்தை அழுத்தமாகச் சொல்லியாக வேண்டும்.

அசல் படைப்பு டோஜின்ஷியில் யாருக்கும் சிக்கல் இல்லை. ஆனால் கூட்டம் கூடுவது பெரும்பாலும் வேறு ஒருவர் உருவாக்கிய பாத்திரங்களுக்காகத்தான். வாரப் பத்திரிகையில் தொடர் வரைபவர் தூக்கம் தொலைத்து, உடம்பைக் கெடுத்துக்கொண்டு ஒரு பாத்திரத்தை உருவாக்குகிறார். அந்தப் பாத்திரத்தின் மேல் வாசகர்கள் வைத்த அன்பை இன்னொருவர் மேசை போட்டு விற்கிறார். அனுமதி கேட்பதில்லை, பங்கு கொடுப்பதில்லை. "வழக்குப் போடாமல் விட்டார்கள்" என்று ஏடகம் சொல்வது எனக்கு நெருடுகிறது. ஒருவர் வாய் திறக்கவில்லை என்பதாலேயே அவர் சம்மதித்துவிட்டார் என்று ஆகுமா? ரசிகர்களைப் பகைத்துக்கொள்ளப் பயந்தும் பேசாமல் இருக்கலாம் அல்லவா?


ஏடகம் எழுதியது:

நடுப்பக்கம் சார், நியாயமான கேள்வி. நடந்ததை வைத்தே பேசுவோம், ஏனென்றால் எல்லா நேரமும் அவர்கள் பேசாமல் இருக்கவில்லை.

1999 ஜனவரியில், போகெமோன் பாத்திரங்களை வைத்துப் பாலியல் டோஜின்ஷி வெளியிட்ட ஒரு பெண்ணை நின்டெண்டோவின் புகாரின் பேரில் கியோத்தோ போலீஸ் கைது செய்தது. அபராதம் 1,00,000 யென். தொகை பெரிதில்லை, ஆனால் கைது என்ற சொல் டோஜின் உலகத்தையே உலுக்கிவிட்டது. அச்சகங்களும் பயந்தன. குழந்தைகளுக்கான பிம்பம் கெடுகிறது என்பதுதான் அங்கே புகாரின் மையம்.

அடுத்தது டோராஎமோன். அதை உருவாக்கிய ஃபுஜிகோ எஃப். ஃபுஜியோ 1996-இல் இறந்தபோது கதைக்கு முடிவு எழுதப்படவில்லை. டோராஎமோனின் பேட்டரி தீர்ந்துபோகிறது, அதைச் சரிசெய்வதற்காகவே நோபிதா படித்து விஞ்ஞானி ஆகிறான் என்று ரசிகர்களிடையே ஒரு கற்பனை முடிவு உலவிக்கொண்டிருந்தது. 2005-இல் ஒருவர் அதை டோஜின்ஷியாக வரைந்தார். கோடு, கட்டம், அட்டை எல்லாம் அசல் மாதிரியே. சுமார் 13,000 பிரதிகள் விற்றன. உண்மையான கடைசிப் பாகம் என்றே பலர் நம்பிவிட்டார்கள். ஷோகாகுகான் பதிப்பகமும் ஃபுஜிகோ நிறுவனமும் எச்சரித்தன. 2007-இல், வரைந்தவர் மன்னிப்புக் கேட்டு லாபத்தில் ஒரு பகுதியைக் கொடுத்த பிறகு விவகாரம் முடிந்தது.

இந்த இரண்டையும் சேர்த்துப் பாருங்கள். அசலின் பெயரைக் கெடுக்காதே. அசல் என்று ஏமாறும்படி செய்யாதே. அளவுக்கு மீறி விற்காதே. எங்கும் எழுதப்படாத இந்த எல்லைகளை இரு தரப்பும் அறிந்திருந்தன. மீறியபோது உரிமையாளர்கள் தாராளமாக வாய் திறந்தார்கள். மற்ற நேரத்தில் விட்டுவைத்தார்கள் என்றால், அது பயத்தால் மட்டும் வந்தது என்று சொல்ல முடியாது. அந்தப் பதிப்பகங்களின் அடுத்த தலைமுறை ஓவியர்கள் அந்த மேசைகளுக்குப் பின்னால்தான் உட்கார்ந்திருந்தார்கள்.


நீலாம்பல் எழுதியது:

எல்லோரும் சட்டத்தையே பேசுகிறீர்கள். இந்த உலகத்தைக் கட்டியவர்கள் யார் என்று யாருமே கேட்கவில்லை. நான் சொல்கிறேன்: பள்ளிக்கூடப் பெண்கள்.

1975-இல் அந்த முதல் காமிகெட்டுக்கு வந்தவர்களில் மிகப் பெரும்பாலோர் நடுநிலை, உயர்நிலைப் பள்ளி மாணவிகள். மோட்டோ ஹாகியோ போன்றவர்கள் சிறுமிகளுக்கான ஷோஜோ மங்காவையே புரட்டிப் போட்டுக்கொண்டிருந்த காலம் அது. அந்தப் பெண்களுக்குப் படித்ததைப் பற்றிப் பேச ஆள் வேண்டியிருந்தது. "ஒட்டாகு", அதாவது மங்கா, அனிமே பைத்தியம், என்றதும் கண்ணாடி போட்ட இளைஞன் ஒருவனைக் காட்டுவது பின்னால் வந்த பழக்கம். காமிகெட்டின் 35-ஆம் ஆண்டையொட்டி எடுத்த கணக்கெடுப்பிலும் சர்க்கிள் நடத்தியவர்களில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு பெண்கள்.

எண்பதுகளின் நடுவில் என்ன நடந்தது பாருங்கள். 'கேப்டன் ட்ஸுபாசா' சிறுவர்களுக்காக வந்த கால்பந்துத் தொடர். அதைப் படித்த பெண்கள் கோலையும் கோப்பையையும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அந்தப் பையன்களுக்குள் இருந்த நட்பு, போட்டி, ஏக்கம், இவற்றைத்தான் கவனித்தார்கள். தொடரில் ஒரு பார்வையோடு விட்டுவிட்ட இடத்தை எடுத்து நாற்பது பக்கம் வரைந்தார்கள். பையன்களுக்கு இடையில் காதலாகவும் வரைந்தார்கள். பிறகு 'செயின்ட் செய்யா' வந்தது, இன்னும் பெருகியது. இந்த அலையில்தான் காமிகெட் மாபெரும் சந்தையாக மாறியது. மினாமி ஓஸாகி ட்ஸுபாசா டோஜின்ஷிகளில் வரைந்து பழகியவர். பிறகு 'மார்கரெட்' பத்திரிகையில் 'ஸெட்சுவாய் 1989' எழுதினார். அதிலும் நாயகர் இருவரில் ஒருவன் கால்பந்து வீரன்தான், ஆனால் இப்போது முழுக்க அவருடைய சொந்தப் பாத்திரம்.

கிளாம்ப் பெயர் இங்கே எல்லோருக்கும் தெரியும். 'கார்ட்கேப்டர் சகுரா'வை நம்மில் பலர் டிவியில் பார்த்து வளர்ந்தோம். அவர்கள் எண்பதுகளில் பத்துக்கும் மேற்பட்ட பெண்கள் சேர்ந்து நடத்திய டோஜின் சர்க்கிள். 1989-இல் 'ஆர்ஜி வேதா'வோடு தொழில்முறைக்கு வந்தார்கள். நம் இந்திரன், அசுரன் பெயர்களெல்லாம் வேற்று உருவத்தில் நடமாடும் கதை அது. பின்னாளில் நால்வராகச் சுருங்கினார்கள், ஆனால் கூட்டாக வேலை செய்யும் அந்தச் சர்க்கிள் முறையை விடவில்லை.

ஃபுமி யோஷினாகாவைப் பற்றியும் சொல்ல வேண்டும். 'ஸ்லாம் டங்க்' என்ற கூடைப்பந்துத் தொடரை வைத்து டோஜின்ஷிகள் வரைந்தவர். பெரிய பெயர் எடுத்த பிறகும், தான் தொழில்முறையாக வெளியிட்ட 'ஆன்டிக் பேக்கரி'க்குத் தானே டோஜின்ஷி வரைந்தார். பத்திரிகையில் சொல்ல முடியாததை அங்கே சொன்னார். நடுப்பக்கம் சார், இது திருட்டா?

இன்றைக்கு பிஎல் (பாய்ஸ் லவ், ஆண்களுக்கு இடையிலான காதல் கதை) என்று உலகம் முழுக்க ஓடும் வகைக்கும் வேர் இந்த மேசைகளில்தான். தொண்ணூறுகளில் ஜப்பானியப் பதிப்பகங்கள் பிஎல் பத்திரிகைகளை அடுக்கடுக்காகத் தொடங்கியபோது, ஓவியர்களைத் தேடிப் போன இடம் டோஜின் சந்தை. தாய்லாந்துத் தொடர்களை இரவெல்லாம் பார்ப்பவர்களுக்கு இந்த வம்சாவளி தெரிந்திருக்க வேண்டும் என்பது என் ஆசை. தங்களுக்கு என்ன பிடிக்கும் என்பதை யாரிடமும் கேட்காமல் பெண்கள் தாங்களே வரைந்துகொண்ட ஓர் இடம். அதை "ஆபாசம்" என்ற ஒற்றைச் சொல்லில் அடைப்பதைப் பார்த்தால் எனக்குக் கோபம் வருகிறது, மறைக்கவில்லை.


கரிசல் எழுதியது:

நீலாம்பல் அக்கா பதிவுக்கு நன்றி. ஆனால் ஆபாசக் கேள்வியை அப்படியே தாண்டிப் போவதும் சரியில்லை. டோஜின்ஷிகளில் கணிசமானவை வயது வந்தோருக்கானவை, அது உண்மை. சில வகைகளை நான் கையால் தொடமாட்டேன். அதற்காகச் சந்தை கொடுத்த விலையையும் சொல்ல வேண்டும்.

1989-இல் சிறுமிகளைக் கொன்ற ஒரு தொடர் கொலைகாரன் பிடிபட்டான். அவன் காமிகெட்டில் பங்கேற்றவன் என்று தெரிந்ததும், ஊடகங்கள் ஒட்டுமொத்த ரசிகர்களையும் குற்றவாளிகளைப் போலக் காட்டின. 1991-இல் தோக்கியோவில் டோஜின்ஷி விற்ற கடைகளில் ஆபாசச் சட்டத்தின் கீழ் சோதனை நடந்தது. காமிகெட் அப்போது மகுஹாரி மெஸ்ஸே அரங்குக்கு மாறியிருந்தது. அந்த வருடக் கோடைச் சந்தைக்கு இடம் தர முடியாது என்று சொல்லிவிட்டார்கள். பழைய ஹாருமி மைதானத்துக்கே திரும்ப வேண்டியதாயிற்று. 1996-இல்தான் இன்றைய தோக்கியோ பிக் சைட் கிடைத்தது.

அதற்குப் பிறகு சோதனையை அவர்களே இறுக்கினார்கள். ஒவ்வொரு சர்க்கிளும் சந்தையன்று காலை புதுப் புத்தகத்தின் ஒரு மாதிரிப் பிரதியைக் கொடுக்க வேண்டும். தன்னார்வலர்கள் புரட்டிப் பார்ப்பார்கள். மறைக்க வேண்டியது மறைக்கப்படவில்லை என்றால் அன்றைக்கு விற்க முடியாது. யாரையும் விலக்கக்கூடாது என்று தொடங்கியவர்கள், அந்தக் கொள்கையைக் காப்பாற்றவே இந்த வேலையைச் சுமக்கிறார்கள். யோனெஸாவா 1980 முதல் 2006-இல் இறக்கும்வரை இதை நடத்தினார். அவர் சேர்த்துவைத்த புத்தகங்களுக்காக மெய்ஜி பல்கலைக்கழகம் 2009-இல் தனி நூலகமே திறந்தது.


யாழிசை எழுதியது:

இவ்வளவு பேர் போட்டிபோட்டுக்கொண்டு புத்தகம் போடுகிறார்களே, லாபம் வருமா?


வண்டல் எழுதியது:

பெரும்பாலோருக்கு வராது. பாதிக்கும் மேற்பட்ட சர்க்கிள்கள் கைக்காசு போட்டுத்தான் நடத்துகின்றன. அரங்கின் சுவரோரமாக மேசை கிடைத்த பிரபல சர்க்கிள்களுக்கு வரிசை வெளியே நீளும், அவர்கள் கதை வேறு. நடுவில் தீவு தீவாகப் போட்டிருக்கும் மேசைகளில் ஐம்பது பிரதி அச்சடித்து, இருபது விற்றால் மகிழ்ந்து போகிறவர்கள்தான் அதிகம்.

ஒசாகாவில் வேலை பார்த்த காலத்தில் நான் குளிர்காலக் காமிகெட்டுக்குப் போயிருக்கிறேன். அங்கே என்னை மிகவும் ஈர்த்தது அச்சகங்கள். டோஜின்ஷிக்காகவே அங்கே அச்சகங்கள் இருக்கின்றன. சீக்கிரம் கோப்பைக் கொடுத்தால் தள்ளுபடி, கடைசி நாளில் கொடுத்தால் கூடுதல் கட்டணம். முப்பது பிரதியானாலும் அடித்துத் தருவார்கள். அச்சடித்த பெட்டிகளை வீட்டுக்கு அனுப்புவதில்லை. நேராக அரங்குக்கே கொண்டுவந்து, உங்கள் மேசைக்கு அடியில் வைத்துவிடுவார்கள். வரைந்தவர் காலையில் வந்து குனிந்து பெட்டியைப் பிரித்து, தன் புத்தகத்தை முதல்முறையாகக் கையில் எடுக்கும் முகத்தைப் பார்க்க வேண்டும். அப்புறம் இடது பக்கத்து மேசைக்கு ஒன்று, வலது பக்கத்து மேசைக்கு ஒன்று என்று தன் புத்தகத்தைக் கொடுத்து வணக்கம் சொல்வார். சந்தை திறந்ததாக அறிவிப்பு வந்ததும் அரங்கே கைதட்டும்.

அங்கே "வாடிக்கையாளர்" என்று யாரும் கிடையாது. விற்பவர், வாங்குபவர், தன்னார்வலர் எல்லோரும் பங்கேற்பாளர்கள்தான். விதிப்புத்தகத்திலேயே அப்படித்தான் இருக்கிறது. அதனால்தான் அவ்வளவு கூட்டத்திலும் சில்லறையைத் தயாராக எடுத்துக்கொண்டு வருகிறார்கள், வரிசையைத் தாங்களே ஒழுங்குபடுத்திக்கொள்கிறார்கள். இந்தப் பழக்கத்தைச் சட்டம் போட்டு உண்டாக்க முடியாது.


ஏடகம் எழுதியது:

விளையாட்டுகளைப் பற்றி இன்னும் யாரும் பேசவில்லை. பாப் கலாச்சாரத்தில் டோஜின் உலகம் விட்ட மிகப் பெரிய தடம் அங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம்.

2000 டிசம்பர் காமிகெட்டில் டைப்-மூன் என்ற சர்க்கிள் 'ட்ஸுகிஹிமே' என்ற கதை விளையாட்டை வட்டில் பதிந்து விற்றது. எழுத்து கினோகோ நாசு, படம் தகாஷி தகேயுச்சி, பள்ளிக்கால நண்பர்கள். அதன் வரவேற்பில் நிறுவனமாக மாறி 2004-இல் 'ஃபேட்/ஸ்டே நைட்' கொண்டுவந்தார்கள். 2015-இல் அதிலிருந்து வந்த 'ஃபேட்/கிராண்ட் ஆர்டர்' கைப்பேசி விளையாட்டு இன்றைக்கு எவ்வளவு பெரியது என்று இங்கே பலருக்கு, பர்ஸ் வழியாகவும், தெரியும். காமிகெட்டில் இன்று ஃபேட் டோஜின்ஷிகளுக்கே பெரிய பகுதி உண்டு.

2002 கோடையில் ரியூகிஷி07 'ஹிகுராஷி' என்ற மர்மக் கதை விளையாட்டின் முதல் பாகத்தை விற்றார். கிட்டத்தட்ட சந்தைக்கு ஒரு பாகமாக 2006 வரை கொண்டுவந்தார். இடைப்பட்ட மாதங்களில் கொலையாளி யார் என்று ரசிகர்கள் விவாதித்துக்கொண்டே இருந்தார்கள். 2006-இல் அது அனிமே ஆகிவிட்டது.

'தோஹோ' வேறு வகை. ஸுன் என்ற ஒற்றை மனிதர் நிரல், இசை, ஓவியம், வசனம் எல்லாம் தானே செய்யும், எதிரிகளைச் சுட்டு வீழ்த்தும் விளையாட்டு வரிசை. 1996-இல் பழைய பிசி-98 கணினிக்காகத் தொடங்கியது, 2002-இல் விண்டோஸுக்கு வந்தபோது வெடித்தது. அவர் செய்த பெரிய காரியம், தன் பாத்திரங்களையும் இசையையும் வைத்து மற்றவர்கள் டோஜின் படைப்புகள் செய்துகொள்ளலாம் என்று வெளிப்படையாகவே சொன்னது. கேட்காமல் விட்டுவிடுவது வேறு, வாசலைத் திறந்துவைப்பது வேறு. விளைவு? ஆயிரக்கணக்கான டோஜின்ஷிகள், இசைத்தட்டுகள், 2004 முதல் தோஹோவுக்கென்றே தனிச் சந்தை. 'பேட் ஆப்பிள்' கறுப்பு வெள்ளை நிழல் வீடியோவை எத்தனை பேர் பார்த்திருப்பீர்கள்! மெட்டு 1998 விளையாட்டில் ஸுன் போட்டது. 2007-இல் ஒரு டோஜின் இசைக் குழு அதைப் பாட்டாக்கியது. 2009-இல் ரசிகர்கள் அதற்கு நிழல் அசைவூட்டம் செய்தார்கள். ஒன்றன்மேல் ஒன்றாக மூன்று அடுக்கு, எதற்கும் நிறுவனம் முதல் போடவில்லை.

'புளூம் இன்டு யூ' மங்கா எழுதிய நியோ நகாதானி தோஹோ டோஜின்ஷி வரைந்து வந்தவர். பட்டியல் போட்டால் இந்த இழை தாங்காது.


நடுப்பக்கம் எழுதியது:

தோஹோவைப் படிக்கும்போது மனம் நிறைகிறது, மறுக்கவில்லை. ஆனால் அதுவே என் வாதத்துக்கும் வலு. ஸுன் அனுமதி கொடுத்தார், அதனால் எல்லோரும் நிம்மதியாக வரைகிறார்கள். அனுமதி தராத ஆயிரம் படைப்புகளை வரைபவர்கள்? 1999-இல் கைதானவர் ஒரு தனி மனிதர். எப்போது எல்லை மீறினோம் என்பது கைது வந்த பிறகுதான் தெரியும் என்றால், அது வரைபவர்களுக்கும் நல்லதல்ல. எழுதிவைத்த விதி இருந்தால் பலவீனமானவருக்குப் பாதுகாப்பு. எழுதாத விதி பலமானவரின் மனநிலையைப் பொறுத்தது.


கரிசல் எழுதியது:

நடுப்பக்கம் சொல்வதில் பாதியை நான் ஏற்கிறேன், ஜப்பானிலும் ஏற்றார்கள். அதனால்தான் கடந்த பத்துப் பதினைந்து வருடங்களில் கொஞ்சம் கொஞ்சமாக எழுதத் தொடங்கியிருக்கிறார்கள்.

ஜப்பானில் காப்புரிமை மீறல் பெரும்பாலும் உரிமையாளர் புகார் கொடுத்தால் மட்டுமே குற்ற வழக்காகும். டிபிபி என்ற பசிபிக் நாடுகளின் வர்த்தக ஒப்பந்தப் பேச்சில், புகார் இல்லாமலே அரசு வழக்குப் போடலாம் என்ற யோசனை வந்ததும் டோஜின் உலகம் பதறியது. முன்னால் நின்று எதிர்த்தவர் கென் அகமாட்ஸு, டோஜினிலிருந்து வந்த 'லவ் ஹினா' ஓவியர். 2013-இல் அவருடைய யோசனையில் 'டோஜின் முத்திரை' உருவாக்கப்பட்டது. தன் படைப்பில் அந்த முத்திரையைப் போட்டுவிட்டால், அதை வைத்து டோஜின்ஷி வரைந்து சந்தை நாளில் விற்கலாம் என்று ஆசிரியரே அனுமதி தந்ததாக அர்த்தம். தன் 'யூக்யூ ஹோல்டர்' தொடரிலேயே போட்டுக் காட்டினார்.

2018 டிசம்பர் 30 அன்று சட்டத் திருத்தம் அமலுக்கு வந்தபோது, புகார் இல்லாத வழக்குக்கு மூன்று நிபந்தனைகள் இருந்தன. ஆதாய நோக்கம் வேண்டும், அசலை அப்படியே நகல் எடுத்திருக்க வேண்டும், உரிமையாளரின் வருமானத்தை அநியாயமாகக் கெடுக்க வேண்டும். மூன்றும் சேர்ந்தால்தான் வழக்கு. திருட்டுத் தளங்கள் இதில் மாட்டும், புதிதாக வரையும் டோஜின்ஷி மாட்டாது. தற்செயலாக அமைந்ததல்ல இது, போராடி வாங்கியது. அகமாட்ஸு 2022-இல் 5 லட்சத்துக்கும் மேல் வாக்கு வாங்கி ஜப்பான் நாடாளுமன்ற மேலவைக்கே போய்விட்டார்.

இன்னொன்று எனக்கு மிகப் பிடித்தது. ஒரு டோஜின்ஷி ஓவியர் தன் பிஎல் புத்தகங்களை அனுமதியில்லாமல் ஏற்றிய தளத்தின் மேல் வழக்குப் போட்டார். "உன் புத்தகமே அடுத்தவர் கதையைத் திருடியது, உனக்கு ஏது உரிமை?" என்பதுதான் எதிர்த்தரப்பின் வாதம். நம் இழையின் முதல் கேள்வியும் இதுதானே! 2020 அக்டோபரில் அறிவுசார் சொத்து உயர் நீதிமன்றம் அந்த வாதத்தைத் தள்ளியது. பாத்திரம் என்ற பொதுவான கருத்துக்கு மட்டும் காப்புரிமை கிடையாது, எந்தப் படத்தின் எந்தக் கூறு எடுக்கப்பட்டது என்று குறிப்பாகக் காட்ட வேண்டும் என்றது. ஓவியருக்குச் சுமார் 22 லட்சம் யென் இழப்பீடு கிடைத்தது.

இப்போது பல விளையாட்டு நிறுவனங்கள் தாங்களே வழிகாட்டு விதிகளை வெளியிடுகின்றன. 'உமா முஸுமே' விளையாட்டில் பாத்திரங்கள் உண்மையான பந்தயக் குதிரைகளின் பெயரில் இருப்பதால், அவற்றை வன்முறையாகவோ பாலியலாகவோ வரைய வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்கள். ரசிகர்கள் பெருமளவு மதிக்கிறார்கள்.


நடுப்பக்கம் எழுதியது:

அந்த 2020 தீர்ப்பு முக்கியமானது, நன்றி கரிசல். இருந்தாலும் என் கருத்தில் நிற்கிறேன்: வழிகாட்டு விதியும் முத்திரையும்தான் போக வேண்டிய திசை. விட்டுக்கொடுப்பவர் யார், எவ்வளவு விட்டுக்கொடுக்கிறார் என்பதை ஆசிரியரே சொல்லட்டும்.


ஏடகம் எழுதியது:

எனக்கு அதில் ஒரு பயம் இருக்கிறது சார். விதி எழுதத் தொடங்கினால் எழுதுவது நிறுவனத்தின் சட்டத்துறை. எண்பதுகளில் ஒரு சட்டத்துறையிடம் போய் "கால்பந்து வீரர்களுக்கு இடையில் காதல் வரையலாமா?" என்று கேட்டிருந்தால் என்ன பதில் வந்திருக்கும்? நீலாம்பல் சொன்ன அத்தனை பேரும் அந்த மேசைக்கே வந்திருக்க மாட்டார்கள். எல்லாவற்றையும் முன்கூட்டியே எழுதிவிடாமல் கொஞ்சம் இடைவெளி விட்டதால்தான் புதியது முளைத்தது. அந்த இடைவெளிக்கு ஆபத்து உண்டு என்பதையும் ஏற்கிறேன். அந்த ஆபத்தோடும் அது வேண்டும் என்பேன்.


செம்பவளம் எழுதியது:

கோலாலம்பூரிலிருந்து எழுதுகிறேன். இங்கே 2002 முதல் 'காமிக் ஃபியெஸ்டா' நடக்கிறது. காமிகெட் முறையிலேயே உள்ளூர் ஓவியர்கள் மேசை எடுத்துத் தங்கள் புத்தகம், ஸ்டிக்கர், சாவிக்கொத்து விற்பார்கள். நானும் என் தோழியும் மேசை போட்டிருக்கிறோம். சீனர், மலாய்க்காரர், தமிழர் எல்லோரும் பக்கத்துப் பக்கத்து மேசையில். யாருமே எனக்கு வரையச் சொல்லித்தரவில்லை. பிடித்த அனிமேப் பாத்திரங்களை வைத்து முதல் புத்தகம் போட்டேன். கட்டம் பிரிப்பது, வசனத்தைக் குமிழிக்குள் அடக்குவது, பதினாறு பக்கத்தில் ஒரு கதையை முடிப்பது எல்லாம் அதில்தான் கற்றேன். இப்போது சொந்தக் கதை வரைகிறேன். முதல் நாளே சொந்தக் கதை என்றிருந்தால் தொடங்கியிருக்கவே மாட்டேன். பாத்திரம் ஏற்கெனவே வாசகருக்குத் தெரிந்தது என்பதால், கற்றுக்குட்டியின் புத்தகத்தையும் எடுத்துப் புரட்டுகிறார்கள்.

தைவானிலும் இந்தோனேசியாவிலும் சீனாவிலும் இதே மாதிரி சந்தைகள் இருக்கின்றன. ஜப்பானிடமிருந்து நாங்கள் எடுத்துக்கொண்டது பாணியை விட இந்த மேசையைத்தான்.


யாழிசை எழுதியது:

செம்பவளம் அக்கா, உங்கள் புத்தகம் எங்கே கிடைக்கும், தனிச்செய்தியில் சொல்லுங்கள். எல்லோருக்கும் பொதுவாக ஒரு கேள்வி: நம் ஊரிலிருந்து டோஜின்ஷி முறையாக வாங்க முடியுமா? இணையத்தில் கிடைப்பதெல்லாம் யாரோ ஸ்கேன் செய்து ஏற்றியவை மாதிரி இருக்கிறது.


வண்டல் எழுதியது:

அந்த ஸ்கேன் தளங்களை விட்டுவிடுங்கள் யாழிசை. கைக்காசு போட்டு ஐம்பது பிரதி அடித்தவரின் புத்தகத்தை அங்கே இலவசமாக ஏற்றி, பக்கத்தில் விளம்பரம் ஓட்டி யாரோ சம்பாதிக்கிறார்கள். கரிசல் சொன்ன வழக்கும் அதைப் பற்றியதுதான்.

முறையாக வாங்க வழி இருக்கிறது. 2007-இல் தொடங்கிய பிக்ஸிவ் ஓவியத் தளத்துக்கு 'பூத்' என்ற கடை உண்டு. பல ஓவியர்கள் அங்கே டிஜிட்டல் கோப்பாகவே விற்கிறார்கள், பணம் கட்டி உடனே இறக்கிக்கொள்ளலாம். அச்சுப் புத்தகம் வேண்டுமென்றால் மண்டராகே. தோக்கியோவில் நகானோவில் தொடங்கிய பழைய மங்காக் கடை, பழைய டோஜின்ஷிகளும் வைத்திருக்கிறார்கள், வெளிநாடுகளுக்கும் அனுப்புகிறார்கள். தபால் செலவு புத்தக விலையைத் தாண்டும், நாலைந்து சேர்த்து வாங்குங்கள். வாங்கும்முன் வயது வந்தோருக்கான குறியீடு அட்டையில் இருக்கிறதா என்று பாருங்கள்.

புத்தகம் கைக்கு வந்ததும் கடைசிப் பக்கத்தைத் திருப்புங்கள். சர்க்கிள் பெயர், அச்சிட்ட தேதி, அச்சகத்தின் பெயர், தொடர்புக்கு ஒரு முகவரி எல்லாம் கட்டம் போட்டு இருக்கும். பெரும்பாலும் அனுமதியில்லாமல் எங்கும் ஏற்றாதீர்கள் என்ற வரியும் இருக்கும். அந்த முகவரிக்கு இரண்டு வரி எழுதிப் போடுங்கள், உடைந்த ஜப்பானிய மொழியில் இருந்தாலும் பரவாயில்லை. நான் எழுதியபோதெல்லாம் பதில் வந்திருக்கிறது.